சிக்கி நின்ற பிலிம்

1941இல் திண்டிவனத்துக் கீற்றுக் கொட்டகை ஒன்றில் தேவசகாயம் தன் படத்தைத் தானே ஓட்டிக்கொண்டிருந்தார். எழுதியவர், எடுத்தவர், கதாநாயகன் எல்லாம் அவரே.

பிலிம் ஓடிக்கொண்டிருக்கும்வரை படக்கருவி விளக்கின் சூடு அதைச் சுடாது. நின்றால் நொடியில் பற்றும், தண்ணீருக்கும் அணையாது. அன்று அது சிக்கி நின்றது. திரையில் அவர் முகம் கொப்புளித்துக் கருகியது.

"இன்னா தந்திரக் காட்சிடா!" என்று கூட்டம் விசிலடித்தது.

"தீன்னு கத்தட்டுங்களா?" என்றாள் அருகில் நின்ற மனைவி அம்சா.

"கத்தாதே! ஒரே வாசல். மிதிச்சிக்கினு செத்துடுவாங்க."

எரியும் இடத்துக்கு மேலேயும் கீழேயும் பிலிமை வெட்டினார். சுருளுக்கு ஏற வழியில்லாமல் தீ அந்தத் துண்டோடு அடங்கியது.

திரை வெறுமையானதும், "கதையில அப்புறம் இன்னாய்யா ஆச்சி?" என்று கூட்டம் கேட்டது.

எரிந்துபோன பகுதியின் கதையைச் சொல்லத் திரைமுன் போய் நின்றார். கதாநாயகனைக் கண்டு கைதட்டினார்கள். தீயின்முன் வராத பயம் அவருக்கு அப்போதுதான் வந்தது; பற்கள் அடித்துக்கொண்டதில் ஒரு சொல்லும் முழுதாக வரவில்லை.