இடதுகை முடிச்சு

சாயங்காலம் நாலு மணிக்கு நயினார்கோவிலிலிருந்து முனியசாமி வந்து காரை எடுத்துக்கொண்டு போய்விடுவார். விலைப் பேச்சு முடிந்தாயிற்று. முடித்தது யார்? சூசைமுத்து. தினமும் ஓட்டுவது யார்? அவர் பெண்டாட்டி லூர்து மேரி. ஓட்டுகிறவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை மனுஷன். காலையில் கஞ்சி குடித்துக்கொண்டே, ஏதோ கிழிந்த வலையைத் தள்ளிவிடுகிற மாதிரிச் சொன்னார்.

“அந்த பேட்டரி லைட்டோட இனிமே மல்லுக்கட்ட முடியாது மேரி. நாலு மாசமா எரியுது. பேட்டரிக்கு சார்ஜ் ஏத்துற ஆல்டர்னேட்டர ரெண்டு தடவ மாத்தியாச்சு. பாம்பன் பாலத்து நடுவுல நின்னுருச்சுன்னா என்னா செய்வ?”

“நாலு மாசத்துல ஒரு நா நின்னுச்சா?”

“இதுவரைக்கும் நிக்கலன்னா, இனியும் நிக்காதா?”

லூர்து மேரி கஞ்சிச் சட்டியை ணங்கென்று வைத்தாள்.

அவள் ஐம்பத்தோரு வயதில் லைசென்ஸ் எடுத்தவள். குவைத்தில் நர்ஸாக இருக்கும் மகள் லிண்டா நாலு மாசத்துக்கு முன்னால் வந்தபோது புதுக் கார் வாங்கி, அப்பா பேரில் பதிந்து கொடுத்துவிட்டுப் போனாள். அப்பாவுக்குக் கடல்தான் தெரியும். ஸ்டியரிங்கைச் சுக்கான் என்று நினைத்து வளைத்தார்; இரண்டாம் நாளே வேலியில் இடித்து இறங்கிவிட்டார். மேரி பிடித்துக்கொண்டாள்.

அதற்கு முன்னால் இருபத்தெட்டு வருஷம் தங்கச்சிமடத்தில் கருவாட்டுக் கூடையோடு பஸ்ஸுக்கு நின்றவள் அவள். ‘நாத்தம் கொடலப் பொரட்டுது, எறக்கும்மா கூடைய’ என்று எத்தனை கண்டக்டர்கள்! சில நாள் கூடையைப் பார்த்ததுமே பஸ் நிற்காமல் போய்விடும். கார் வந்தபிறகு டிக்கியில் கருவாடு, ஸ்டியரிங்கில் மேரி, ஒரு மணி நேரத்தில் ராமநாதபுரம் சந்தை. எந்த ராசாவும் இறக்கு என்று சொல்ல முடியாது. இந்தக் கார் போனால் மறுபடியும் அந்த ரோட்டோரத்தில்தான் போய் நிற்க வேண்டும்.

சாவியை எடுத்தாள். “நாலு மணிக்குத்தான வாராரு? அதுக்குள்ள வாரேன்.”

“எங்க போற?”

“நீங்க வலை விக்கப் போகும்போது நான் எங்கன்னு கேட்டனா?”

பாலத்தைத் தாண்டியும் சிவப்பு விளக்கு அவளையே முறைத்துக்கொண்டிருந்தது. ‘சார்ஜிங் சிஸ்டத்தைச் சோதிக்கவும்’ என்று திரையில் வேறு எழுத்து. சோதிக்கத்தானே போகிறேன், கொஞ்சம் பொறு என்று அதனிடமே சொன்னாள்.

ராமநாதபுரம் கேணிக்கரையில் நுஃமான் என்றொரு ஆட்டோ எலக்ட்ரீஷியன் இருந்தான். கை சுத்தம், வாய் கொஞ்சம் துடுக்கு. கதையைக் கேட்டதும் கையைத் துடைத்துக்கொண்டு தள்ளி நின்றான்.

“ரெண்டு எடத்துல கை வெச்ச வண்டி. எனக்கு வேணாங்க்கா.”

“ஒன்னால முடியாதுன்னு சொல்லு, போயிர்றேன்.”

“யாரு முடியாதுன்னா?” பானட்டைத் திறந்துவிட்டான்.

எஞ்சினை ஓடவிட்டு பேட்டரியின் இரண்டு முனையிலும் மீட்டரை வைத்தான். பதினாலே கால் வோல்ட். “ஆல்டர்னேட்டர் சிங்கம் மாதிரி இருக்கு. இதப் போயி ரெண்டு தடவ மாத்திருக்காய்ங்க.”

அப்புறம் ஸ்கேனரை மாட்டினான். பேட்டரிக்குள் எவ்வளவு கரண்ட் போவதாகக் கார் நினைக்கிறது என்று அதில் தெரியும். ஆறு ஆம்பியர் என்று காட்டியது. வயரை வெட்டாமல் சுற்றிக் கவ்விப் பிடித்து அளக்கிற மீட்டரை எடுத்து பேட்டரியின் சிவப்பு வயரில் மாட்டினான். பதினெட்டு! மைனஸ் பக்கத்துக் கறுப்பு வயரில் மாட்டினான். ஆறு. நுஃமான் தலையைச் சொறிந்தான்.

“ஒரு பக்கம் பதினெட்டு உள்ள போகுது. மறுபக்கம் ஆறுதான் வெளிய வருது. யா அல்லாஹ், மிச்சம் பன்னெண்டு எங்க போச்சு?”

“கரண்டு ஒழுகுமா தம்பி?”

“ஒழுகாதுக்கா. போனது அம்புட்டும் வந்தாகணும்.” மைனஸ் முனையில் ஒட்டிக்கொண்டிருந்த சின்னக் கறுப்புப் பெட்டியைத் தொட்டுக் காட்டினான். “இந்தக் காலத்து வண்டியில எல்லாக் கரண்டும் இந்தப் பெட்டி வழியாத்தான் போகணும். அது சொல்றத வெச்சுத்தான் காருக்குக் கணக்கே. வேற எதோ ஒரு வழி இருக்கு. எங்கன இருக்குன்னுதான் தெரியல.”

ஒரு மணி நேரம் தேடினான். டார்ச் அடித்தான், கீழே படுத்தான், எழுந்தான். பள்ளிவாசலில் வாங்கு சொன்னதும் தொழப் போய்விட்டு வந்து மறுபடி படுத்தான். மணி ஒன்றரை. மேரிக்கு நிலைகொள்ளவில்லை. அவளும் சேலையைச் செருகிக்கொண்டு பக்கத்தில் குனிந்தாள். நல்லவேளை குனிந்தாள்!

பேட்டரிக்கு அடியில் கறுப்பு டேப் சுற்றிய விரல் தடிமன் வயர் ஒன்று எஞ்சின் பக்கம் ஓடியது. பார்த்தால் கம்பெனியிலேயே வந்தது மாதிரிதான் இருந்தது. நுஃமான் அதை நாலு தடவை தாண்டிப் போயிருந்தான். ஆனால் டேப்பின் நுனி அவிழாமல் இருக்கக் கறுப்புக் கயிற்றால் கட்டியிருந்தார்கள். மேரி அந்தக் கயிற்றை விரலால் தடவிப் பார்த்தாள். வலை பின்னுகிற நைலான் கயிறு. முடிச்சு எல்லாரும் போடுகிற பக்கம் விழாமல் மறுபக்கம் விழுந்திருந்தது. தங்கச்சிமடத்தில் இடது கையால் வலை முடிகிறவர் ஒரே ஒருத்தர்தான். முப்பது வருஷமாக அந்த முடிச்சைப் பார்க்கிறாள் அவள், தெரியாமல் போகுமா?

“அடப்பாவி மனுஷா!”

நுஃமான் திடுக்கிட்டுத் தலையை இடித்துக்கொண்டான். “நான் என்னாக்கா செஞ்சேன்?”

“ஒன்ன இல்லடா. இது எங்க வீட்டு மனுஷன் கட்டுனது!”

போட்டில் எர்த் வயரை உப்புக்காற்று தின்றுவிடும். அதனால் ஒன்றுக்கு இரண்டாகப் போட்டு, கிரீஸ் தடவி, கட்டி வைப்பார்கள். கார் வந்த முதல் வாரமே சூசைமுத்து அதே அக்கறையோடு பேட்டரியின் மைனஸ் முனையிலிருந்து எஞ்சினுக்கு இன்னொரு வயர் இழுத்திருக்கிறார். செய்ததை ஒரு பெரிய வேலையாக நினைக்காததால் யாரிடமும் சொல்லவில்லை. மேரிக்குக் கோபம் வந்தது, சிரிப்பும் வந்தது. கூடவே அந்த மனுஷன் மேல் கொஞ்சம் பாசமும் வந்து தொலைத்தது.

நுஃமானுக்கு இப்போது எல்லாம் விளங்கிவிட்டது. “அண்ணன் போட்ட வயரு பெட்டிக்குத் தெரியாம கொல்லப்பக்கமா கரண்ட கூட்டிட்டுப் போகுது. பெட்டி என்னா செய்யும்? குடுத்தது வந்து சேரலயேன்னு லைட்டப் போட்டுக் கத்துது. ஆல்டர்னேட்டர் மேல பழி!”

கழற்றினான். பழைய கோளாறை ஸ்கேனரில் அழித்தான். “போடுங்கக்கா சாவிய.”

மேரி சிலுவை போட்டுக்கொண்டு எஞ்சினைக் கிளப்பினாள். சிவப்பு வயரில் பதினேழு. கறுப்பு வயரில் பதினேழு. ஸ்கேனரிலும் பதினேழு. விளக்கு ஒரு தடவை எரிந்து அணைந்தது, அணைந்தது அணைந்ததுதான்.

“அல்ஹம்துலில்லாஹ்!” என்றான் நுஃமான்.

லூர்து மேரி இறங்கி நின்று, நாக்கைச் சுழற்றிக் குலவை போட்டாள். பட்டப்பகலில், கேணிக்கரை ரோட்டில்! எதிரே டீக்கடையில் இருந்தவர்கள் என்ன கல்யாணம் என்று எழுந்து வந்துவிட்டார்கள். வரட்டுமே, அவளுக்கென்ன!

திரும்பும்போது பாலத்தில் ஏசியைப் போட்டாள், ஹெட்லைட்டைப் போட்டாள், பாட்டைப் போட்டாள். சுள்ளென்ற வெயிலில் வைப்பர் வேறு டக் டக்கென்று ஆடியது. இத்தனை பாரத்துக்கும் சிவப்பு எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

வீட்டு வாசலில் முனியசாமி பட்டுச் சட்டையில் தயாராக நின்றார். மேரி இறங்கி, அந்த வயரைப் புருஷன் கையில் வைத்தாள்.

“இந்தாங்க, ஒங்க முடிச்சு. இதுதான் நாலு மாசமா லைட்ட எரிய வெச்சது.”

சூசைமுத்து முடிச்சைப் பார்த்தார். முகம் தொங்கிப் போயிற்று. “போட்டுல இப்புடித்தான போடுவோம்…”

“போட்டுக்கு நல்லது. கார்ல கரண்ட அளக்குற பெட்டிய ஏமாத்திருச்சு. லைட்டு அணஞ்சு போச்சு, வேணும்னா ஏறிப் பாருங்க.”

முனியசாமி எட்டிப் பார்த்தார், சந்தோஷப்பட்டார். “ரொம்ப நல்லதாப் போச்சு. பேசுனதுக்கு மேலயே போட்டுத் தாரேன்.”

“குடுக்குறதுக்கு இல்லண்ணே.”

“என்னம்மா, பேச்சு முடிஞ்சு போச்சே!” முனியசாமி சூசைமுத்துவிடம் திரும்பினார். “அண்ணே, ஆர்சி ஒங்க பேருலதான இருக்கு? நீங்க சொல்லுங்க.”

சூசைமுத்து வயரைச் சுருட்டினார், பிரித்தார், மறுபடி சுருட்டினார்.

“பேரு எம்பேருதான்” என்றார். “வண்டி அவளோடது.”

முப்பது வருஷத்தில் அந்த மனுஷன் வாயால் எதையும் அவளோடது என்று சொல்லி லூர்து மேரி கேட்டதில்லை.