நீல வலையில் ஓட்டைகள்

அன்றைக்கும் வலையில் பதினொரு ஓட்டைகள். ஒவ்வொன்றும் உள்ளங்கை அகலத்தில் வட்டமாக இருந்தது, ஓரத்தில் ஒரு பிசிறு கிடையாது. பாறையில் மாட்டிக் கிழிந்தது எது, கத்தியால் அறுத்தது எது என்று இருபது வருடமாக வலை முடிகிற எனக்குத் தெரியாதா?

கத்தி யாருடையது என்பதிலும் சந்தேகமில்லை. கொழுந்தன் போன மாதம்தான் எங்கள் படகை விட்டுத் தனிப்படகு எடுத்தான். அவன் வலை முழுசாக வருகிறது, எங்களுடையது மட்டும் சல்லடை.

"அவன் அப்படிப்பட்டவன் இல்ல" என்றார் என் கணவர்.

"ஆமா, வாயில விரல வச்சாக் கடிக்கத் தெரியாத பிள்ளை!"

கையும் களவுமாகப் பிடித்து, இனி அவனை வாசல்படி ஏறவிடுவதில்லை என்று கறுவிக்கொண்டிருந்தேன். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். அவன் சிரித்தாலும் சந்தேகம், சிரிக்காவிட்டால் அதைவிடச் சந்தேகம். ஒரு மதியம், கரையில் ஆளில்லாத நேரம் பார்த்து, அவன் வலையில் ஒரு முழத்துக்குக் கத்தியை இழுத்துவிட்டேன். மனசு குளிர்ந்தது, பொய் சொல்வானேன்.

மறுநாள் காலை எங்கள் வலையில் ஒரு பேத்தை மீன் வந்தது. கரையில் போட்டதும் காற்றைக் குடித்துப் பந்தாக உப்பிக்கொண்டது. பிரித்தெடுக்கக் கையை நீட்டினேன்.

"விரல் போயிடும்!" கணவர் என் கையைத் தட்டிவிட்டார். "நண்டையே ஓட்டோட நொறுக்குற பல்லு."

மீன் கடித்தது. என் கண்ணெதிரே நீலக் கண்ணிகள் அறுந்தன. வட்டம். பிசிறு இல்லை.

"இந்த வருஷம் கரையோர மணல்ல பேத்தை பெருகிக் கிடக்குதாம். வலையில மாட்டின மீனைத் தின்ன வந்து வலையையும் சேத்துக் கடிக்குது. தம்பி வலை போடுறது ஆழத்துல, அதான் அவன் தப்பிச்சான்."



அந்த நேரம் பார்த்துக் கொழுந்தன் வந்தான், தோளில் அவன் வலை.

"அண்ணி, இதைக் கொஞ்சம் முடிஞ்சு தாங்க. வேற யார்கிட்டயும் குடுக்க மனசு வரல."

"உன்னோடதையுமா பேத்தை கடிச்சிருச்சு?" என்றார் கணவர்.

கொழுந்தன் வலையை என் மடியில் விரித்தான். ஒரு முழ நீளம், கோடு போட்டது போன்ற வெட்டு. அவசரமாக முந்தானையை இழுத்து அதன்மேல் போட்டேன்.

"ஆமாண்ணே, பேத்தைதான்."

கணவர் மீன்கூடையைத் தூக்கிக்கொண்டு நகர்ந்ததும் அவன் குரலைத் தாழ்த்தினான்.

"நேராக் கடிக்கிற பேத்தை, அண்ணி."