செருப்பைக் கழற்றிய கொலைகாரன்

புவனேஸ்வரனுக்கு அறுபத்தாறு வயதில் ஒரே ஓர் ஆசைதான் மிச்சமிருந்தது. தன் படத்தைப் பார்த்து யாராவது ஒருவர், ஒரே ஒருவர், பயந்து அலற வேண்டும்.

படத்தின் பெயர் ‘பூட்டிய வீட்டில் கோடாரி’. பாயான் லெப்பாஸ் தொழிற்சாலையில் வேலை பார்த்துக்கொண்டே 1987-இல் அவர் எடுத்த ஒரே படம். கேமரா இரவல். வீடும் இரவல்: கதாநாயகன் லாரன்ஸ் அப்போது காதலித்துக்கொண்டிருந்த ரோசலினின் வீடு. கதாநாயகன் என்றால் கொலைகாரன்தான். தலையில் கோதுமை மாவுச் சாக்கு, கையில் வெள்ளிக் காகிதம் ஒட்டிய அட்டைக் கோடாரி. ரத்தத்துக்கு ரோஜா சிரப்பு. எறும்பு மொய்த்ததில் ஒரு பிணம் இரண்டு முறை எழுந்து சொறிந்துகொண்டது.

அதையெல்லாம்கூட மன்னித்துவிடலாம். கொலைகாரன் கதவைப் பிளப்பான். உறுமுவான். வாசலில் நின்று செருப்பைக் கழற்றுவான். இரண்டையும் ஜோடி சேர்த்து ஓரமாக வைத்துவிட்டு, குடும்பத்தைக் கொல்ல உள்ளே போவான்.

உடைக்க இருந்தது ஒரே கதவு. மறுபடி எடுக்க வழியில்லை. பட்டர்வொர்த் மண்டபத்தில் முதல் காட்சியன்று எவனோ கத்தினான்: “அப்படியே காலையும் கழுவிட்டுப் போலா!” அதற்குப் பிறகு கடைசிவரை சிரிப்புதான்.

“ஏன்டா கழட்டின?” என்று புவனேஸ்வரன் இன்றுவரை கேட்டுக்கொண்டிருக்கிறார். லாரன்ஸும் இப்போது மனைவியாகிவிட்ட ரோசலினை ஒரு தடவை பார்த்துவிட்டு, “பழக்க தோஷம்லா” என்றே சொல்லிக்கொண்டிருக்கிறார்.

இப்போது சுபாஷினி என்ற பெண் அந்த வீடியோ டேப்பைத் தேடிப் பிடித்துவிட்டாள். பழைய படங்களைத் திரையிடுவது அவள் பைத்தியம். கம்ப்யூட்டரில் போட்டுத் துடைத்து, இருட்டுக் காட்சிகளையெல்லாம் வெளிச்சமாக்கி, கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் சாலையில் ஒரு மாடி ஹாலில் ஞாயிறு மாலைக் காட்சிக்கு ஏற்பாடு செய்தாள்.

“அந்த சிலிப்பர் சீன மட்டும் வெட்டிரும்மா.”

“அங்கிள்! அதப் பாக்கத்தான் எல்லாரும் வர்றாங்க!”

ஹால் நிரம்பிவிட்டது. முன்வரிசையில் லாரன்ஸும் ரோசலினும். புவனேஸ்வரன் கடைசி வரிசையில், தப்பி ஓட வசதியாக.

கோடாரி வந்தது, சிரித்தார்கள். எறும்பு கடித்த பிணம் எழுந்தது, கைதட்டினார்கள். கதவு பிளந்தது. புவனேஸ்வரன் கண்ணை மூடிக்கொண்டார்.

“ஐயோ! அம்மா!”

அலறல்! ஒன்றல்ல, ஹால் முழுக்க. கச்சாங் பூத்தே கடலைப் பொட்டலம் ஒன்று பறந்து வந்து அவர் மடியில் கொட்டியது. கண்ணைத் திறந்தார்.

திரையில் கொலைகாரன் குனிந்து செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தான். அவனுக்கு எதிரே, வீட்டுக்குள், இத்தனை வருடமும் கறுப்பாகவே தெரிந்த அலமாரிக் கண்ணாடியில், விரித்த தலையோடு வெள்ளை வெளேரென்று ஒரு முகம். அனல் பறக்கும் கண்கள். ஓங்கிய கையில் விளக்குமாறு.

“யாருலா அது கத்துறது?” முன்வரிசையில் ரோசலின் எழுந்தார். கைப்பையைத் தேட அவர் போட்ட போன் வெளிச்சம், நேராக அவர் முகத்திலேயே அடித்தது. அதே முகம், அதே முறைப்பு. ஹால் இரண்டாவது முறை அலறியது.

“நான்தான் அது! முகத்துல பெடாக் சேஜுக், அந்த அரிசி மாவுப் பவுடரக் குழைச்சுப் பூசியிருந்தேன், அதான் வெள்ளையா இருக்கு. அப்பதான் வீட்ட மாப் போட்டு முடிச்சேன். இவரு சிலிப்பரோட உள்ள வர்றாரு. விட்டுருவனா?”

லாரன்ஸ் மெல்லத் திரும்பி நண்பனைப் பார்த்தார். “இப்பத் தெரியுதா மச்சான்? அவ என் பக்கத்துல இருக்கும்போது எப்படிச் சொல்றது?”

புவனேஸ்வரன் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஓடிவந்து ரோசலினின் கையைப் பிடித்தார். “ரோசலின், அலறுனாங்க! கேட்டியா? இன்னொரு படம் எடுக்கிறேன். அதே வீடு, நீதான் ஹீரோயின்!”

“எடுங்க. ஆனா சிலிப்பர் வெளியதான்.”

“கவலையே வேணாம். இது பேய்ப் படம். பேய்க்குத்தான் காலே கிடையாதே!”

ரோசலினின் பார்வை அவர் கால் செருப்புக்கு இறங்கியது.

“கேமரா தூக்குறவனுக்கு இருக்குல்ல?”