இரண்டு நிமிடம் பத்து வினாடி

எங்கள் வால்பெக் ஊரில் ஒருவருக்குத் தரக்கூடிய பெரிய மரியாதை அவரை ராட்சதனாக்குவதுதான். பதக்கமெல்லாம் பிரஸ்ஸல்ஸ்காரர்கள் கொடுத்துக்கொள்ளட்டும். நாங்கள் பிரம்பால் கூடு பின்னி, இரண்டரை ஆள் உயரத்துக்கு உருவம் செய்து, தலை வைத்து, உடுப்பு மாட்டி, செப்டம்பர் திருவிழாவில் மேளத்தோடு தெருத்தெருவாக ஆடவிடுவோம். உள்ளே ஒரு ஆள் நின்று தூக்கிக்கொண்டு போவார். இதுவரை எங்களுக்கு இரண்டே ராட்சதர்கள். ஒருவர் நூற்பாலையில் வேலைநிறுத்தம் நடத்திய சிரீல். இன்னொருத்தி வெள்ளத்தில் ஆறு பேரைப் படகில் ஏற்றி வந்த மில்காரி செஃபா. இரண்டு பேருக்கும் உடுப்பு தைப்பவள் நான், மார்லீன். மற்ற நாட்களில் முடிதிருத்தும் கடை வைத்திருக்கிறேன். ஊரில் பாதித் தலை என் கையில் இருக்கிறது.

மூன்றாவது ராட்சதனாக என் தம்பி ஜீனோவைச் செய்ய வேண்டும் என்று போன மார்ச்சில் ராட்சதர் குழுவில் நானே எழுந்து கேட்டேன். சொந்தத் தம்பிக்காகக் கேட்கிறாள் என்று நாலு பேர் வாய்க்குள் சிரித்தார்கள். சிரிக்கட்டும். வேறு யாரும் கேட்கவில்லை, அதனால் நான் கேட்டேன்.

ஜீனோ வாண்டவாலெ கால்பந்து முதல் டிவிஷனில் பதினாலு வருடம் ஆடியவன். மூன்று கிளப், நானூற்றுப் பதினொரு ஆட்டம். அடித்த கோல் ஆறு. அதில் இரண்டு, பந்து வந்து அவன் முழங்காலில் பட்டு உள்ளே போனது. அவன் ஆடிய இடம் அப்படி. நடுக்களத்தில், தடுப்பாட்டக்காரர்களுக்குக் கொஞ்சம் முன்னால். அங்கே நிற்பவனை டிக்கெட் வாங்கி வந்தவர்கள் யாரும் பார்ப்பதில்லை. பத்திரிகைக்காரர்கள் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் பத்துக்கு இத்தனை என்று மதிப்பெண் போடுவார்கள். பதினாலு வருடமும் அவனுக்கு ஆறுதான். ஆனால் ஒரு விஷயம். அவனை வைத்திருந்த எந்தப் பயிற்சியாளரும் அவனை வெளியே உட்கார வைத்ததில்லை. கிளப் மாறிப் போன பயிற்சியாளர்கள்கூட அங்கிருந்து போன் போட்டு அவனைக் கேட்டார்கள். அதை இந்த ஊரில் எவனும் சொல்ல மாட்டான்.

அவனைப் பயிற்சிக்குக் கூட்டிப்போனது நான்தான். எனக்குப் பதினெட்டு, அவனுக்குப் பத்து. அப்பாவின் காய்கறி வேனில் லீக்ஸ் கட்டுகளுக்கு நடுவே உட்கார்ந்து வருவான். மற்ற பையன்கள் அவனை 'லீக்ஸு' என்றுதான் கூப்பிட்டார்கள். நான் வேனை நிறுத்திவிட்டு இறங்கி ஒருவன் காதைப் பிடித்துத் திருகினேன். அதற்குப் பிறகு கூப்பிடவில்லை, எனக்கு எதிரே.

அவனுக்கு இருபத்தேழு வயதில் தேசிய அணியிலிருந்து அழைப்பு வந்தது. சிவப்புச் சட்டை! ஒரே ஒரு ஆட்டம். எதிரணி எந்த நாடு என்று சொல்ல மாட்டேன், அவர்களுக்கு எதற்கு விளம்பரம். நாங்கள் இரண்டுக்கு ஒன்று என்று முன்னால் இருந்தோம். தொண்ணூறு நிமிடம் முடிந்து, காயத்துக்காகச் சேர்த்த நேரம் ஓடிக்கொண்டிருந்தபோது அவனை இறக்கினார்கள். விசில் ஊதும்வரை அவன் ஆடியது இரண்டு நிமிடம் பத்து வினாடி. அதற்குப் பிறகு அழைப்பு வரவே இல்லை.

அந்த இரண்டு நிமிடம் பத்து வினாடியில் அவன் பந்தைத் தொட்டானா இல்லையா என்பதுதான் வால்பெக்கில் பத்தொன்பது வருடச் சண்டை.

ஊர் முழுக்கக் கபேயில் உட்கார்ந்து டிவியில் பார்த்தது. டிவியில் அவன் பந்தைத் தொடவில்லை. ஆனால் நடுவில் பதினாலு வினாடி, ஒரு ஃபவுலைத் திரும்பத் திரும்பக் காட்டினார்கள். அந்த நேரத்தில் மைதானத்தில் நடந்தது யாருக்கும் தெரியாது. மைதானத்தில் இருந்த ஒரே வால்பெக் ஆள் நான், முப்பத்தோராவது வரிசையில். மறுநாள் கபேக்குப் போனதும் கேட்டார்கள். "தொட்டான். என் ரெண்டு கண்ணால பாத்தேன்" என்றேன். பிறகு அப்பாவின் பெயரில் சத்தியமும் செய்தேன்.

நான் பார்க்கவில்லை. இதை இப்போதுதான் முதல்முறையாகச் சொல்கிறேன். அவன் சிவப்புச் சட்டையோடு கோட்டைத் தாண்டி உள்ளே ஓடியதும் எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்துவிட்டது. சால்வையில் முகத்தைப் புதைத்தவள் விசில் சத்தம் கேட்டுத்தான் நிமிர்ந்தேன். எதையும் பார்க்காமல், தம்பியின் மானத்துக்காக வாய் கூசாமல் சொன்ன பொய் அது. ஜீனோவிடமே கேட்பவர்களும் உண்டு. "ஜீனோ, அன்னிக்குத் தொட்டியா இல்லையா?" அவன் சிரித்துக்கொண்டே, "உனக்கு இன்னொரு பியர் சொல்லவா?" என்பான். அதோடு சரி.

மார்ச் கூட்டத்தில் குழுத் தலைவர் நார்பெர்ட் என்னை விட்டுவைக்கவில்லை. கறிக்கடை நார்பெர்ட். என்னோடு ஒரே வகுப்பில் படித்தவன்.

"மார்லீன், ஃபுட்பால்காரனுக்கு ராட்சதன் பண்றேங்கிற. ராட்சதனுக்குக் கால் கிடையாது, பாவாடைதான். காலே இல்லாத ஃபுட்பால்காரனா?"

"உனக்கு மூளை இல்லாமலே தலைவர் பதவி குடுக்கலையா?"

எல்லோரும் சிரித்தார்கள். அவனும் சிரித்தான், ஆனால் விடவில்லை. "சிரீல் ஆலையையே நிறுத்தினாரு. செஃபா ஆறு உசுரைக் காப்பாத்தினா. உன் தம்பி என்ன பண்ணான்? பந்தையே தொடாத ஆளைத் தூக்கிட்டுப் போனா பக்கத்து ஊர்க்காரன் நம்மைக் கேலி பண்ணமாட்டானா?"

"தொட்டான்."

"சரி, நிரூபிச்சுடுவோம். தொட்டிருந்தா நானே முதல் கை தூக்குறேன். தொடலைன்னா இந்தப் பேச்சை இனி எடுக்கக்கூடாது. ஒத்துக்கிறியா?"

எனக்கு வாய் எப்போதும் முந்திக்கொள்ளும். "ஒத்துக்கிறேன்" என்றேன். பத்தொன்பது வருடமாக இல்லாத நிரூபணம் இனி எங்கிருந்து வரப்போகிறது என்ற தைரியம்.

நார்பெர்ட் லேசுப்பட்ட ஆள் இல்லை. பயிற்சியாளர்கள் பிறகு உட்கார்ந்து பார்ப்பதற்காக, மைதானத்தின் கூரையிலிருந்து ஒரு கேமரா ஆட்டம் முழுவதையும் எடுக்குமாம். பந்து எங்கே போனாலும் அது அசையாது, இருபத்திரண்டு பேரும் எப்போதும் படத்தில் இருப்பார்கள். அவன் கடையில் சாசேஜ் வாங்குகிறவரின் மச்சானுக்கு அங்கே வேலை. மூன்று மாதம் நச்சரித்து ஒரு பிரதி வாங்கிவிட்டான்.

ஜூன் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்த பதினொரு மணி. கபேயின் மாடியில் குழுவில் ஒன்பது பேரும் இருந்தோம். நார்பெர்ட்டின் மகள் எல்கெ லேப்டாப்பைச் சுவரில் பெரிதாகத் தெரியும்படி மாட்டினாள். ஜீனோ வரவில்லை. உறையவைத்த காய்கறி ஆலையில் அவன் ஷிஃப்ட் பொறுப்பாளர். பட்டாணி அறுவடை நேரத்தில் அவர்களுக்கு ஞாயிறு கிடையாது. வந்திருந்தாலும் இந்தக் கூத்தைப் பார்த்திருக்க மாட்டான். "வேணாம்க்கா, விட்டுடு" என்று முதலிலேயே சொல்லியிருந்தான்.

படம் ஓடியது. எறும்பு அளவில் ஆட்கள். கோட்டருகே ஒரு சிவப்பு எறும்பு வெளியே போனது, இன்னொன்று உள்ளே ஓடி வந்தது. முதல் ஒரு நிமிடம், எல்லோருக்கும் தெரிந்ததுதான். பிறகு அந்த ஃபவுல். டிவியில் காணாமல் போன பதினாலு வினாடி இப்போது சுவரில் தெரிந்தது. ஃப்ரீ கிக் எடுத்தார்கள். பந்து இடப்பக்கம் போனது, பின்னால் போனது, வலப்பக்கம் போனது. ஜீனோ பந்து பக்கமே போகவில்லை. விசில்.

நார்பெர்ட் என்னைப் பார்த்தான். சத்தம் போட்டுச் சிரித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். "தொடலை, மார்லீன்" என்று மெதுவாகச் சொன்னான்.

எனக்குக் காதெல்லாம் சுட்டது. என் பொய் போனதுகூடப் பெரிதில்லை. நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் 'தெரியாது' என்று போயிருக்கும். என் வீராப்பால் என் தம்பியின் நானூற்றுப் பதினொரு ஆட்டத்தையும் இந்த இரண்டு நிமிடத்தில் அடகு வைத்து இழந்துவிட்டேன். கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தேன்.

"இன்னொரு தடவ போடு, எல்கெ" என்றான் நார்பெர்ட்.

"எதுக்கு? பாத்தது பத்தாதா? ஃப்ரேம் போட்டுக் கடையில மாட்டிக்கோ" என்றேன்.

"சும்மா இரு. எங்கியோ இடிக்குது."

மறுபடியும் ஓடியது. நார்பெர்ட் எழுந்து சுவரருகே போய், மூக்கு ஒட்டும் அளவுக்கு நின்றான். "அவங்க பத்தாம் நம்பர் எங்க?"

அந்தப் பத்தாம் நம்பரை யாரும் மறக்கவில்லை. அன்று எங்கள் ஆட்களைப் பம்பரமாகச் சுற்றவிட்டவன் அவன். அவர்களின் ஒரே கோலும் அவன் அடித்தது. இரண்டு முறை கம்பத்தில் அடித்தான். கடைசிப் பத்து நிமிடம் கபேயில் எல்லோரும் அவன் காலில் பந்து போகக்கூடாது என்று வேண்டிக்கொண்டுதான் இருந்தார்களாம்.

"இதோ இருக்கான்" என்று எல்கெ விரலால் காட்டினாள். "பக்கத்துல ஜீனோ அங்கிள்."

"பக்கத்துல இல்லடி. நடுவுல. பந்துக்கும் அவனுக்கும் நடுவுல. நிறுத்து. பின்னாடி போ. ஆங், பந்து வச்சிருக்கிற இந்த ஆளு தலையத் தூக்கிப் பாக்குறான் பாரு, பத்தாம் நம்பருக்குக் குடுக்கணும்னு. வழியில யாரு நிக்கிறா?"

"ஜீனோ அங்கிள்."

"அதான் பின்னாடி குடுத்துட்டான். இப்ப ஓட்டு. பத்தாம் நம்பர் இடது பக்கம் ஓடுறான். ஜீனோ அவனுக்கு முன்னாடியே அங்க போயிட்டான். எப்படிய்யா தெரியும் இவனுக்கு? நிறுத்து! மறுபடியும் தலையத் தூக்குறான். மறுபடியும் ஜீனோ."

மற்றவர்களும் நாற்காலியை இழுத்துக்கொண்டு சுவருக்கு முன்னால் கூடிவிட்டார்கள். மூன்றாவது முறை, நான்காவது முறை, ஐந்தாவது முறை ஓட்டினோம். ஆறு தடவை அவர்கள் பத்தாம் நம்பரைத் தேடினார்கள். ஆறு தடவையும் வழியில் என் தம்பி நின்றான். கடைசியில் அந்தப் பெரிய ஆட்டக்காரன் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு தன் ஆட்களைத் திட்டுவது, எறும்பளவு படத்திலும் தெளிவாகத் தெரிந்தது.

"ரெண்டு நிமிஷம் பத்து செகண்ட். அவனும் பந்தைத் தொடல" என்றான் நார்பெர்ட். வந்து நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தான். "பத்தொம்பது வருஷம் நாம எல்லாரும் பந்தையே பாத்துட்டு இருந்திருக்கோம். மாட்டுக்கூட்டம் மாதிரி."

பிறகு கையைத் தூக்கினான். கறி வெட்டும் அந்தத் தடித்த கை நன்றாக மேலே போனது. சுற்றிலும் இருந்தவர்களும் தூக்கினார்கள், நானும் தூக்கினேன். எட்டியென் மட்டும் தூக்கவில்லை. ராட்சதர்களை உள்ளே நின்று சுமப்பவன் அவன். "ஜீனோ தங்கமான ஆளு. ஆனா இன்னொரு எண்பது கிலோவ எவன் தூக்குறது?" என்றான். எட்டுக்கு ஒன்று.

நான் மாடிப்படியை எப்படி இறங்கினேன் என்றே தெரியவில்லை. காரை எடுத்துக்கொண்டு நேராக ஆலைக்குப் போனேன். இரண்டு மணிக்கு ஷிஃப்ட் மாறும். வாசலில் பட்டாணி லாரிகள் வரிசையாக நின்றன. வெள்ளைத் தொப்பியும் ரப்பர் பூட்ஸுமாக ஜீனோ வெளியே வந்தான். தலையில் நரை, முழங்காலில் பழைய நொண்டல். அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

"ஐயோ அக்கா, மேலெல்லாம் பட்டாணி. என்னாச்சு, யாருக்காவது உடம்பு சரியில்லையா?"

எல்லாவற்றையும் கொட்டினேன். கூரைக் கேமரா, பத்தாம் நம்பர், ஆறு தடவை, நார்பெர்ட்டின் கை. அவன் தொப்பியைக் கழற்றி மடித்துக்கொண்டே கேட்டான்.

"ஆறா? நான் அஞ்சுன்னு நெனச்சேன்."

"டேய்! உனக்குத் தெரியுமா?"

"தெரியாம? அதுக்குத்தானே இறக்கினாங்க. பந்தைப் பாக்காத, அவனை மட்டும் பாருன்னு சொன்னாரு கோச். ஆட்டம் முடிஞ்சதும் அந்தப் பத்தாம் நம்பரே வந்து சட்டையை மாத்திக்கலாமான்னு கேட்டான். அவனோடது வீட்ல பீரோவுல கெடக்கு."

எனக்குக் கோபம் தலைக்கு ஏறியது. அங்கேயே, லாரிக்காரர்கள் பார்க்கப் பார்க்கக் கத்தினேன். "பத்தொம்பது வருஷம்டா! கபேயில ஒவ்வொருத்தனும் உன்னைக் குத்திக் காட்டினான். தொடல, ஆனா அவனையும் தொட விடலன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா முடிஞ்சிருக்குமே! ஏன்டா சொல்லல?"

அவன் என்னைப் பார்த்தான். சிறுவயதில் வேனிலிருந்து இறங்குவதற்கு முன்னால் பார்ப்பானே, அப்படி.

"தொடலன்னு எப்படிக்கா சொல்றது? நீ தொட்டான்னு அப்பா மேல சத்தியம் பண்ணியிருந்தியே. ஊர் முன்னாடி உன்னை விட்டுக்குடுக்கச் சொல்றியா?"

நான் காரைத் திறந்துவிட்டேன். அவன் பூட்ஸில் ஒட்டிய பட்டாணிகளை உதறிவிட்டுக் காரின் கதவைத் திறந்து உட்கார்ந்தான். பசிக்கிறது, வீட்டுக்குப் போகலாம் என்றான்.