பழைய பதிவுலயே போட்டுடட்டுமா?

“எப்படி உடைஞ்சுது மேடம்?” என்று என் போனுக்குள்ளிருந்து கேட்டது ஒரு பெண் குரல். போன் சர்வீஸ் சென்டரில் முன்பதிவு எடுக்கிற பெண். ஸ்பீக்கரில் போட்டு இஸ்திரி மேஜைமேல் வைத்திருந்தேன். உடைந்த போனின் சொந்தக்காரி, என்கூட இஸ்திரி போடுகிற முழுக்கை, அதன் பக்கம் குனிந்து, “விழுந்துடுச்சு” என்றாள்.

“எங்கேர்ந்து மேடம்?”

முழுக்கை என்னைப் பார்த்தாள். பொய் சொல்லத் தெரியாத ஜென்மம். “சுவத்துல...” என்றாள்.

“சுவத்துல மாட்டியிருந்தீங்களா?”

வேறு நாளாக இருந்தால் வயிறு வலிக்கச் சிரித்திருப்பேன். “மேஜைலேர்ந்துன்னு போட்டுக்கம்மா” என்றேன்.

ஹோட்டலின் அடித்தளத்தில் இருக்கிறது எங்கள் சலவைக்கூடம். மேலே அறைகளில் விருந்தாளிகள் குளிருக்குப் போர்த்திக்கொள்வார்கள். கீழே நாங்கள் நீராவியில் வெந்துகொண்டிருப்போம். எல்லோரும் கையை மடித்துவிட்டுக்கொண்டு நிற்க, இவள் மட்டும் மணிக்கட்டுவரை பொத்தான் போட்ட சட்டையோடுதான் தேய்ப்பாள். முழுக்கை என்று கிண்டலாகப் பேர் வைத்தவர்களுக்குக் காரணம் தெரியாது. எனக்குத் தெரியும். ஒவ்வொரு தடவையும் பாத்ரூமில் நின்று அவள் கையைப் படம் எடுத்துக்கொள்வாள், நான் வெளியே கதவைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். “எனக்கும் அனுப்பி வைடி” என்று தலைபாடாக அடித்துக்கொண்டேன். “இதைப் போயி அனுப்புவாங்களாக்கா, அசிங்கமா” என்றுவிட்டாள். அடித்தவனுக்கு இல்லாத வெட்கம் அடிவாங்கினவளுக்கு!

அவள் வீட்டுக்காரர் பள்ளி வேன் ஓட்டுகிறவர். நல்ல மனுஷன் என்று தெருவே சொல்லும். குழந்தைகளை ஒவ்வொன்றாகக் கைபிடித்து இறக்கிவிடுவாராம். அந்தக் கைதான் இந்தக் கையையும் முறுக்கியது. வக்கீலம்மா ஒருத்தரிடம் நான்தான் இவளை அழைத்துப்போனேன். “வாயால சொன்னா போதாதும்மா. படம் இருக்குன்னீங்கல்ல, திங்கக்கிழமை கொண்டு வாங்க, மிச்சத்தை நான் பாத்துக்கறேன்” என்றார் அந்த அம்மா. அன்றைக்கு ராத்திரியே, ‘யாரோட பேசிக்கிட்டிருந்தே’ என்று கேட்டு வீட்டுக்காரர் இவள் போனைச் சுவரில் அடித்துவிட்டார். கண்ணாடி நொறுங்கித் திரை செத்துப்போனது. ஆனால் யாராவது கூப்பிட்டால் மட்டும் உள்ளே அதிர்ந்தது. உயிர் இருக்கிறது, திரையை மாற்றினால் படங்கள் கிடைத்துவிடும் என்று எனக்கு ஒரு நம்பிக்கை.

“நீங்க சொன்ன சீரியல் நம்பர்படி இந்தப் போன் முன்னாடியே ஒரு தடவை இங்க வந்திருக்கு மேடம்” என்றது குரல். “பழைய பதிவுலயே போட்டுடட்டுமா? புதுசா போட்டா நேரமாகும்.”

படியில் சூப்பர்வைசரின் பூட்ஸ் சத்தம் கேட்டது. வேலை நேரத்தில் போனைக் கண்டால் அந்த ஆள் பத்ரகாளியாகிவிடுவான். “போடும்மா, போடு” என்றேன்.

“சனிக்கிழமை பதினொரு மணி. மெசேஜ் வரும் மேடம்.”

என் போனுக்கு மெசேஜ் வரவில்லை. நாளும் நேரமும்தான் தெரியுமே என்று நானும் விட்டுவிட்டேன்.

சனிக்கிழமை இரண்டு பேரும் பர்மிஷன் சொல்லிவிட்டுக் கிளம்பினோம். வழியெல்லாம் அவள் போன் இருந்த பையை நெஞ்சோடு அணைத்தபடி வந்தாள். “படம் கிடைச்சவுடனே உங்களுக்குத்தான்கா முதல்ல அனுப்புவேன்” என்றாள். அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை.

கண்ணாடிக் கதவைத் தள்ளினேன். முன்வரிசை நாற்காலியில் அவள் வீட்டுக்காரர் உட்கார்ந்திருந்தார். வெள்ளைச் சட்டை, காலர் விறைப்பாக நின்றது. அதைக் காலையில் தேய்த்துக் கொடுத்தது யார் என்று கேட்கவா வேண்டும். மடியில் போன் வாங்கிய பில்.

“வாங்கக்கா” என்று எழுந்தார். “உங்களுக்கு எதுக்கு வீண் அலைச்சல்? எனக்குத்தான் மெசேஜ் வந்துச்சே. போன தடவை நான்தானே கொண்டாந்து குடுத்தேன், என் நம்பர்தான் இவங்ககிட்ட இருக்கு.” அவள் கையிலிருந்து பையை மெதுவாக வாங்கிக்கொண்டார். பாவி, நானே என் வாயால் ‘போடு போடு’ என்றேனே!

கவுன்டரில் இருந்தவர் போனைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “டிஸ்பிளே மட்டும்தான் சார் போயிருக்கு. மாத்திடலாம். உள்ள இருக்கறது எல்லாம் அப்படியே இருக்கும்.”

பக்கத்தில் முழுக்கை மூச்சு விடுவது எனக்குக் கேட்டது.

“ரொம்ப மெதுவா வேலை செய்யுதுங்க” என்றார் அவர். “எல்லாத்தையும் அழிச்சு, புதுசு மாதிரி ஆக்கிக் குடுத்துடுங்க.”

“போட்டோ, வீடியோ எல்லாம் போயிடும் சார். பரவாயில்லையா?”

அவர் மனைவியின் பக்கம் திரும்பினார். வேனில் வருகிற குழந்தையிடம் டிபன் பாக்ஸ் எடுத்துக்கொண்டாயா என்று கேட்கிற குரலில் கேட்டார். “ஏம்மா, முக்கியமா எதாவது வச்சிருக்கியா?”

காத்திருந்தவர்கள் எல்லோரும் பார்த்தார்கள். ஒரு அம்மாள் புன்னகைகூடச் செய்தாள், கொடுத்து வைத்தவள் என்பது போல. முழுக்கை சட்டைக் கையை இழுத்துவிட்டுக்கொண்டாள். நான் குறுக்கே விழுந்தேன். “வேலை செய்யற இடத்துல எடுத்த படமெல்லாம் இருக்குங்க. எனக்கு வேணும்.”

“எந்தப் படம்கா?” என்றார். “சொல்லுங்க, எடுத்துத் தரச் சொல்றேன். இங்கயே எல்லாருமா உக்காந்து பாக்கலாம்.”

எனக்கு எவ்வளவு வாய் என்று சலவைக்கூடத்தில் கேட்டால் சொல்வார்கள். ஆனால் நான் எதைச் சொன்னாலும் இவள் சாயங்காலம் திரும்பிப் போகப்போவது அவரோடுதான்.

“ஒண்ணும் இல்ல” என்றாள் முழுக்கை. “அழிச்சிடுங்க.”

அவர் கையெழுத்துப் போட்டார். காத்திருக்கும் நேரத்தில் இயந்திரத்திலிருந்து மூன்று காபி பிடித்துவந்தார். என் கோப்பையை அவர் முகத்தில் வீசியிருக்க வேண்டும். குடித்தேன். முழுக்கை குடிக்கவில்லை, ஆறி ஆடை படிகிறவரை கையில் வைத்திருந்தாள்.

போன் வந்தது. ஒரு கீறல் இல்லாமல் பளபளவென்றிருந்தது. அவர் பணம் கட்ட எதிர்க் கவுன்டருக்குப் போய் எங்களுக்கு முதுகு காட்டி நின்றார்.

“கேமரா வேலை செய்யுதான்னு பாருங்க மேடம்.”

முழுக்கை கேமராவைத் தன் பக்கம் திருப்பினாள். திரையில் அவள் முகம் வந்தது, தோளுக்குப் பின்னால் அந்த வெள்ளைச் சட்டை. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு போனை என் கையில் கொடுத்துவிட்டு மணிக்கட்டுப் பொத்தானைக் கழற்றினாள். சட்டைக் கையை முழங்கைக்கு மேலே சுருட்டினாள். மஞ்சளும் ஊதாவுமாக ஐந்து விரல்களும் பதிந்திருந்தன. கையை முகத்தோடு சேர்த்துத் தூக்கிப் பிடித்தாள்.

“எடுங்கக்கா.”

அழுத்தினேன். எல்லாவற்றையும் அழித்ததில் போனின் சத்தமும் புதுப்போனில் இருக்கிற அளவுக்கு ஏறிவிட்டிருந்தது. கிளிக் என்றது கூடம் முழுக்கக் கேட்டது. எதிர்க் கவுன்டரில் வெள்ளைச் சட்டை திரும்பியது.

அவள் இன்னும் கையை இறக்கவில்லை.