மறுப்புச் சீட்டில் ஒரு பெயர்

வெர்னா கோஸ்கி காலையில் வந்து கோட்டைக் கழற்றி மாட்டியதும் ரப்பரைத் தேடி எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். திருப்பி அனுப்ப வேண்டிய கவிதைகள் மேசையில் நாற்பதுக்கு மேல் கிடந்தன. ஒவ்வொன்றின் வலது மூலையிலும் மார்கிட் பென்சிலால் ‘வேண்டாம்’ என்று எழுதியிருந்தாள். அதைத் தடம் தெரியாமல் அழிக்க வேண்டும். பிறகு அச்சடித்த மறுப்புச் சீட்டில் ‘வெர்னா கோஸ்கி, துணையாசிரியர்’ என்று கையெழுத்துப் போட்டு, கவிஞரே தன் விலாசம் எழுதித் தபால்தலை ஒட்டி அனுப்பியிருந்த உறைக்குள் வைத்து ஒட்ட வேண்டும்.

‘ஏரிமுனை’ பத்திரிகையில் இருபத்திரண்டு வருடமாக இதுதான் வழக்கம். கவிதை தேறினால் ஆசிரியர் மார்கிட் ஹால்வர்சன் தன் கைப்பட நாலு வரி எழுதிக் கையெழுத்திடுவாள். தேறாவிட்டால் வெர்னாவின் கையெழுத்து. இரண்டிலும் முடிவு மார்கிட்டுடையதுதான். நல்ல சேதிக்கு ஒருத்தி, கெட்ட சேதிக்கு ஒருத்தி என்று ஆரம்பத்தில் சிரித்துக்கொண்டே பிரித்துக்கொண்டார்கள். அப்போது இருவருக்கும் முப்பது வயது. பத்திரிகை மார்கிட் வீட்டு நிலவறையில் நடந்தது. இப்போது டுலூத் நகரில் செருப்புக் கடை ஒன்றின் மேலே இரண்டு அறைகள். ஜன்னலைத் திறந்தால் ஏரிக் காற்று காகிதங்களை வாரிக்கொண்டு போய்விடும் என்பதால் ஜூன் வரை திறப்பதில்லை.

பத்து மணிக்குத் தொலைபேசி அடித்தது. நியூயார்க்கிலிருந்து ஒரு பெண் பேசினாள். மார்கிட்டின் புதிய கவிதைத் தொகுப்புக்கு இந்த வருடத்தின் பெரிய விருது கிடைத்திருந்தது.

“இன்னும் யாருக்கும் சொல்லலைங்க. அவங்க வந்த உடனே எங்களைக் கூப்பிடச் சொல்றீங்களா?”

“கண்டிப்பா சொல்றேன்” என்றாள் வெர்னா.

மார்கிட் பல் டாக்டரைப் பார்த்துவிட்டு, நூலகத்தில் வகுப்பையும் முடித்துக்கொண்டு நான்கு மணிக்குத்தான் வருவாள். நூலகத்தின் எண் வெர்னாவுக்கு மனப்பாடம். இரண்டு முறை ரிசீவரை எடுத்தாள், இரண்டு முறையும் வைத்துவிட்டாள். அந்தத் தொகுப்பை மூன்று தடவை தட்டச்சு செய்தவள் அவள். பதினேழாம் பக்கத்துக் கவிதையின் கடைசி ஐந்து வரிகளை வெட்டச் சொன்னவளும் அவள்தான். வெட்டிய பிறகுதான் ஊரே அதைத் தூக்கி வைத்துக் கொண்டாடியது. நம் பத்திரிகையில் நாமே எழுதக் கூடாது என்று சட்டம் போட்டவள் மார்கிட். நல்ல சட்டம்தான். ஆனால் மார்கிட்டின் கவிதைகளை மற்ற பத்திரிகை ஆசிரியர்கள் போட்டார்கள், அவர்களுடையதை மார்கிட் போட்டாள். மாற்றிக்கொள்ள வெர்னாவிடம் என்ன பத்திரிகை இருந்தது? அவளுடைய கவிதைகள் போன சூட்டோடு திரும்பி வந்தன.

ஆறு மணி நேரம் அவள் ரப்பரும் பேனாவுமாக வேலை பார்த்தாள். அந்த ஆறு மணி நேரமும் மார்கிட் வெறும் மார்கிட்டாகவே ஊருக்குள் சுற்றிக்கொண்டிருந்தாள். அதில் வெர்னாவுக்கு வெட்கங்கெட்ட ஒரு சுகம் இருந்தது.

நான்கு மணிக்கு மார்கிட் வீங்கிய கன்னத்தோடு படியேறி வந்தாள்.

“நியூயார்க்ல இருந்து கூப்பிட்டாங்க. இதுதான் நம்பர்.”

“எப்போ?”

“இப்பதான், கொஞ்சம் முன்னாடி.”

பேசி முடித்ததும் மார்கிட் ஓடி வந்து அவளைக் கட்டிக்கொண்டாள். பல்லுக்குப் போட்ட மருந்தில் பாதி வாய் மரத்துப்போயிருந்தது. “அடியே வெர்னா, கிடைச்சிருச்சுடி!” என்று குழறினாள். வெர்னாவும் அழுதாள். பொறாமையும் சந்தோஷமும் கலந்த அழுகை; மார்கிட்டுக்கு அது சந்தோஷமாகவே பட்டிருக்கும்.

இரண்டு நாள் கழித்து, காப்பி ஊற்றிக்கொண்டே மார்கிட் சொன்னாள்: “அன்னிக்குக் காலையில பத்து மணிக்கே கூப்பிட்டாங்களாமே?”

“அப்படியா? வேலை மும்முரத்துல மறந்திருப்பேன்.”

“நீயா மறப்ப?” என்று சிரித்துவிட்டு மார்கிட் தன் அறைக்குப் போய்விட்டாள்.

விருதின் பேச்சு அடங்குவதற்குள் பல்கலைக்கழகம் மார்கிட்டுக்குப் பேராசிரியர் பதவி கொடுத்தது, பத்திரிகையையும் சேர்த்து எடுத்துக்கொண்டது. துணையாசிரியர் வேலைக்கு இனி ஒழுங்கான சம்பளம், குடும்பத்துக்கே மருத்துவக் காப்பீடு. ஆனால் விளம்பரம் கொடுத்து, மூன்று பேர் கொண்ட குழு நேர்காணல் நடத்தித்தான் ஆள் எடுக்க வேண்டும் என்பது அங்கத்திய விதி.

“உன் வேலைக்கு நீயே மனு போடணுமா? நல்ல கூத்து” என்றான் வெர்னாவின் கணவன் ரே. கப்பலில் இரும்புத்தாது ஏற்றும் துறையில் அவனுக்கு வேலை போய் ஒரு குளிர்காலம் ஆகியிருந்தது. சர்க்கரை வியாதிக்காரன்.

“சும்மா கண்துடைப்பு ரே. குழுவுல மார்கிட் இருக்கா.”

“இருந்தா சரி. என் இன்சுலின் இந்த மாசத்துக்குத்தான் வரும்னு உன் சிநேகிதிகிட்ட சொல்லி வை. கவிதையில வேணா எழுதிக்கட்டும்.”

நேர்காணல் அறையில் நீள மேசை. மார்கிட், கல்லூரித் தலைவி, பேராசிரியர் ஆம்ஸ்லர். ஆம்ஸ்லரும் கவிஞர்தான். அவர் ஒரு கோப்பைத் திறந்து சின்னச் சின்னச் சீட்டுகளை எடுத்து வரிசையாகப் பரப்பினார்.

“இது உங்க கையெழுத்துதானே?”

“ஆமா.”

“மொத்தம் பதினொண்ணு. பதினாலு வருஷமா அனுப்பிட்டிருக்கேன். அச்சடிச்சதுக்கு மேல ஒரு வார்த்தை எழுதியிருக்கீங்களா? படிச்சாவது பாத்தீங்களா?”

“எல்லாத்தையும் படிச்சேன். பனியில மாட்டிக்கிட்ட லாரி பத்தி ஒண்ணு அனுப்பினீங்க. அதைப் போடலாம்னுதான் நான் சொன்னேன்.”

ஆம்ஸ்லர் சிரித்தார். “அப்ப வேணாம்னு சொன்னது யாரு? தபால்காரரா?”

கல்லூரித் தலைவியும் சிரித்துவிட்டாள். வெர்னா மார்கிட்டைப் பார்த்தாள். அந்தக் கவிதையின் மூலையில் இருந்த பென்சில் எழுத்து அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. அழித்துவிட்டு, ரப்பர் தூளை ஊதியதும் ஞாபகம் இருந்தது. மார்கிட் ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

மார்கிட் மனுவின் அடுத்த பக்கத்தைத் திருப்பினாள். “வெர்னா எப்பவுமே கொஞ்சம் கறார்” என்றாள்.

வேலை அயோவா பல்கலைக்கழகத்தில் எழுத்துக்கலை படித்த ஒருத்திக்குப் போயிற்று. மாதக் கடைசி வரை இருந்து எல்லாவற்றையும் ஒப்படைத்துவிட்டுப் போகும்படி வெர்னாவுக்குக் கடிதம் வந்தது. அதை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டு மார்கிட்டின் மேசை முன்னால் போய் நின்றாள்.

“ஏன் ஒரு வார்த்தை சொல்லல?”

“சொல்லணும்னுதான் வாயைத் திறந்தேன். இனிமே நான் அந்தாளோட ஒரே கட்டடத்துல உக்காரணும் வெர்னா.” மார்கிட் கண்ணாடியைக் கழற்றினாள். “நீயும்தான் அன்னிக்கு ஆறு மணி நேரம் சொல்லாம வெச்சிருந்த.”

“பொறாமைதான். இல்லேங்கல. ஆனா ஆறு மணி நேரம் கழிச்சாவது சொன்னேன்ல?”

மார்கிட் கண்ணாடியைத் துடைத்துத் திரும்பப் போட்டுக்கொண்டாள்.

கடைசி வாரம் பாதி அலமாரி காலியாகிவிட்டது. வெர்னா பெட்டிகளில் சீட்டு ஒட்டிக்கொண்டிருந்தபோது மார்கிட் தன் அறையிலிருந்து கூப்பிட்டாள்.

“ஒரு கடிதம் இருக்கு, அடிச்சுக் குடுத்துடறியா? இனிமே கையால எழுதி அனுப்பக் கூடாதாம். ஆம்ஸ்லர் அந்த லாரிக் கவிதையை மறுபடி குடுத்திருக்காரு, புது இதழ்ல முதல் பக்கத்துல போடறோம்.”

வெர்னா தட்டச்சு இயந்திரத்தின் உறையை எடுத்துவிட்டுக் காகிதத்தைச் சுருளில் ஏற்றினாள். மார்கிட் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு சொல்லச் சொல்ல அடித்தாள்.

“அன்புள்ள ஆம்ஸ்லர், உங்கள் கவிதை இரண்டு நாளாக என்னை விடவில்லை. இத்தனை காலம் இது என் கண்ணில் படாமல், துணையாசிரியர் மேசையோடு நின்றுபோனதற்கு வருந்துகிறேன்.”

எழுத்துக்கட்டைகளின் சத்தம் நின்றது.

“என்ன?” என்றாள் மார்கிட், திரும்பாமல்.

“ஒண்ணுமில்ல. மேல சொல்லு.”

“அவ்வளவுதான். கீழ என் பேரு.”

வெர்னா பெயரை அடித்தாள். காகிதத்தை உருவி ஒரு முறை படித்துப் பார்த்தாள். பிழை எதுவும் இல்லை. அதை மார்கிட்டின் முன்னால் வைத்து, பேனாவின் மூடியைக் கழற்றி நீட்டினாள்.