ஐம்பத்திரண்டு புள்ளிகளில் என் பங்கு

கூடைப்பந்தில் இந்தக் காலத்து முன்னணிப் பையன்கள் ஒரு ஆட்டத்துக்குச் சராசரியாக முப்பத்துமூன்று, முப்பத்துநான்கு புள்ளி எடுக்கிறார்கள். எழுபதுகளின் கடைசியில் முப்பதைத் தொட்டவனை விரல் விட்டு எண்ணிவிடலாம். சராசரி ஏன் இப்படி ஏறியது என்று டிவியில் கோட்டு போட்ட நான்கு பேர் விளக்குகிறார்கள். தூரத்திலிருந்து எறிகிற மூன்று புள்ளி வீச்சுதான் காரணம் என்கிறார் ஒருவர். ஆட்டத்தின் வேகம் கூடிவிட்டது என்கிறார் இன்னொருவர். விரல் பட்டாலே ஃபவுல் கொடுத்தால் எவன்தான் எடுக்கமாட்டான் என்கிறார் மூன்றாமவர். நான்காமவர் எல்லாவற்றுக்கும் தலையாட்டுகிறார். நல்ல மனிதர்கள். அவர்களைத் திருத்த எனக்கு மனம் வரவில்லை.

காரணம் நான்.

என் பெயர் காசிமிர் வுய்சிக். டொலீடோ ஊர் அரங்கத்தில் கூடைப்பந்து வளையங்களைக் கவனித்துக்கொள்பவன். ஓய்வு பெற்றுப் பதின்மூன்று வருடம் ஆகிறது. ஆனாலும் ஆட்ட நாளில் ஏணியோடு போய் நிற்கிறேன். என்னைப் போகச் சொல்ல யாருக்கும் தைரியம் இல்லை. நான் சொல்வதை நம்பவும் யாரும் இல்லை. அதற்கும் நானே காரணம். எழுபத்தெட்டாம் வருடத்துப் பனிப்புயலில் ஒரு பந்து வளையத்தின் விளிம்பில் உறைந்து நின்றதையும், ஏப்ரலில் வெயில் வந்ததும் பனி உருகி அது உள்ளே விழுந்ததையும், ரெஃப்ரி அந்த இரண்டு புள்ளியைச் சேர்த்துக்கொண்டதையும் நான் பலமுறை சொல்லியிருக்கிறேன். சொல்லச் சொல்ல எனக்கே நினைவு தெளிவாகிக்கொண்டு வருகிறது.

ஆனால் இது வேறு.

எழுபத்தொன்பது பிப்ரவரி. எங்கள் அணியின் பெரிய நம்பிக்கை லூஷியஸ் ட்ரூ. அவனுடைய பந்துகள் வளையத்தின் உதடு வரை வந்து, யோசித்து, வெளியே போய்க்கொண்டிருந்தன. "காஸ், உன் வளையத்துக்கு என்னைப் புடிக்கல" என்றான் ஒருநாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னான். எனக்கு அது தாங்கவில்லை. அடுத்த ஆட்டத்தின் இடைவேளையில், வலையைச் சரிசெய்வது போல ஏணி ஏறி, எங்கள் அணி இரண்டாம் பாதியில் எறியப்போகிற பக்கத்து வளையத்தின் போல்ட்டைக் கால் சுற்று தளர்த்தினேன். கால் சுற்றுதான். இறுக்கமான வளையம் பந்தை உதைத்துத் தள்ளும். தளர்ந்த வளையம் பந்தைத் தாங்கி, சமாதானப்படுத்தி, உள்ளே அனுப்பிவிடும்.

லூஷியஸ் அன்று ஐம்பத்திரண்டு எடுத்தான். அந்த சீசனை முப்பத்தொன்று சராசரியில் முடித்தான்.

எங்கள் ஊர் ஏரிக்கு அந்தப் பக்கத்து அரங்கத்தில் என்னைப் போலவே ஒருவன் இருந்தான். எப்படி என்று ஃபோனில் கேட்டான். சத்தியம் வாங்கிக்கொண்டு சொன்னேன். அவன் சத்தியம் வாங்கிக்கொண்டு இரண்டு பேரிடம் சொன்னான். எங்கள் தொழிலில் எல்லோரும் ரகசியத்தைப் பத்திரமாகக் கைமாற்றுகிறவர்கள். ஒவ்வொருவனும் தன் பங்குக்கு ஒரு கால் சுற்று சேர்த்தான். நாற்பத்தாறு வருடம். சராசரி ஏறாமல் என்ன செய்யும்?

ஊரெங்கும் புள்ளி பெருகியதில் எனக்குப் பெரிய வருத்தம் இல்லை. என் வருத்தத்துக்கு ஒரு பெயர் இருந்தது. எம்மெட் ஸ்லோன்.

அன்று வெளியூர் அணியில் லூஷியஸைத் தடுக்க நிறுத்தப்பட்டவன் எம்மெட். வாழ்நாள் சராசரி மூன்று புள்ளி எட்டு. எடுப்பது அவன் வேலையில்லை, எடுக்கவிடாமல் செய்வதுதான் வேலை. ஆட்டத்துக்கு முன்னால் அவனுடைய கோச் எல்லோர் காதிலும் விழும்படி சொன்னார்: "அவனை முப்பதுக்குள்ள அடக்கு. முடியலேன்னா நாளைக்கு எங்க பஸ்ஸுல ஏறாத."

மறுநாள் காலை பஸ் கிளம்பியபோது எம்மெட் ஹோட்டலில் முட்டை சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அதன் பிறகு எந்த அணியும் அவனைக் கூப்பிடவில்லை. இந்த ஊரிலேயே தங்கிவிட்டான். ரசிகர்களுக்கு இருக்கை காட்டும் வேலையை அரங்கத்தில் வாங்கிக்கொடுத்தவன் நான். எல்லோரும் என்னை நல்லவன் என்றார்கள். அன்றைய ஆட்டத்தை மேல் வரிசையிலிருந்து பார்த்த வெர்னா என்கிற நர்ஸை அவன் கல்யாணம் செய்துகொண்டான். விருந்துக்கு வருகிறவர்களிடமெல்லாம் அவள் சொல்வாள்: "லூஷியஸ் இவரத் தாண்டிப் போனப்போ, ரயில் மாட்டத் தாண்டிப் போற மாதிரி இருந்துச்சு." எம்மெட்டும் சேர்ந்து சிரிப்பான். நான் மட்டும் பாதாம் கேக்கைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

போன குளிர்காலத்தில் அவன் முட்டி மாற்றும் ஆபரேஷனுக்குத் தேதி வாங்கினான்.

"எடுத்துக் குப்பையில போடட்டும்" என்றான். "எழுபத்தொம்போதுல என்னக் கவுத்த முட்டி இது. அன்னிலேருந்து நான் இதுகூடப் பேச்சுவார்த்தை வெச்சுக்கறதில்ல."

குற்றமில்லாத ஒரு முட்டிக்கு நாற்பத்தாறு வருடமாகத் தண்டனை. இனி வாயை மூடிக்கொண்டிருந்தால் நான் மனிதனில்லை என்று பட்டது. மறுநாள் மதியம், ஆட்டத்துக்கு நான்கு மணி நேரம் முன்னால், ஆளில்லாத அரங்கத்தில் அவனை நிறுத்தி எல்லாவற்றையும் சொன்னேன்.

அவன் பொறுமையாகக் கேட்டான். "பந்து ஒறஞ்ச கததான் இதவிட நல்லாருக்கு" என்றான்.

"எம்மெட், இது நெசம்."

"ஏப்ரல்ல விழுந்துச்சே, அதுவும் நெசம்னுதான சொன்ன?"

வேறு வழியில்லை. ஏணி ஏறினேன். இப்போதைய வளையத்தில் ஸ்பிரிங் இருக்கிறது, அடியில் ஒரு திருகு. அதைத் தளர்த்திவிட்டு அவன் கையில் பந்தைக் கொடுத்தேன். ஃப்ரீ த்ரோ கோட்டில் நின்று பத்து எறிந்தான். ஒன்பது விழுந்தது.

அவன் முகம் மலர்ந்ததைப் பார்த்திருக்க வேண்டும். "பாத்தியாடா! எனக்குள்ள ஷாட் இருந்திருக்கு. அந்தக் கோச்சுங்கதான் எறியவே விடல!"

அப்படியே விட்டுவிடலாமா என்று ஒரு கணம் நினைத்தேன். பிறகு ஏறி, திருகை இறுக்கினேன். பத்தில் இரண்டு விழுந்தது.

"கை சில்லுனு ஆயிடுச்சு" என்றான். பிறகு வளையத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். "மறுபடி தளத்து."

தளர்த்தினேன். எட்டு.

"இறுக்கு."

ஒன்று.

பந்தை மடியில் வைத்துக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்தான். நான் ஏணியிலிருந்து இறங்கினேன்.

"அன்னிக்கு எத்தன?" என்றான்.

தளர்ந்த வளையத்தால் விழுந்தது ஐந்தே கூடை என்று சொல்லியிருக்கலாம். அப்போது லூஷியஸுக்கு நாற்பத்திரண்டு மிஞ்சும். எப்படியும் பஸ் போயிருக்கும் என்று எம்மெட் மனதை ஆற்றிக்கொள்வான். என் பாரமும் பாதி இறங்கும். பொய் சொல்ல இவ்வளவு வசதியான நேரம் என் வாழ்நாளில் வாய்த்ததில்லை. ஆனால் நான் அன்று அந்த வளையத்துக்கு நேர் பின்னால் நின்றேன். வெளியே வரவேண்டிய ஒவ்வொரு பந்தும் உள்ளே போவதை எண்ணிக்கொண்டே நின்றேன்.

"பன்னெண்டு கூடை" என்றேன். "இருவத்துநாலு புள்ளி."

அவன் உதட்டை அசைத்துக் கழித்தான்.

"இருவத்தெட்டு."

"ஆமா."

"முப்பதுக்குள்ள."

"ஆமா எம்மெட்."

அடிப்பான் என்று எதிர்பார்த்து, அவனுக்கு வசதியாகக் கொஞ்சம் பக்கத்தில் போய் நின்றேன். அவன் அடிக்கவில்லை. வலது முட்டியைத் தேய்த்துக்கொண்டே எழுந்தான். "பந்த எடுத்த எடத்துல வை" என்று சொல்லிவிட்டு, வேலைக்கான மஞ்சள் சட்டையை மாட்டிக்கொண்டு தன் வாசலுக்குப் போனான்.

அன்று எங்கள் பையன் ஒருவன் நாற்பத்தேழு எடுத்தான். அரங்கமே எழுந்து நின்றது. எம்மெட் மட்டும் ஆடுகளத்துக்கு முதுகைக் காட்டியபடி டிக்கெட் எண்களைப் படித்துக்கொண்டிருந்தான். ஆட்டம் முடிந்து கூட்டம் கலைந்த பிறகுதான் என்னிடம் வந்தான்.

"ஞாயித்துக்கெழம வீட்டுக்கு வா. வெர்னாகிட்ட நீயே சொல்லு."

"நான் சொன்னா நம்புவாளா?"

"நம்பமாட்டா."

"அப்பறம்?"

"நம்புற வரைக்கும் சொல்லு. எத்தன ஞாயிறு ஆனாலும் சரி. ஒரு புள்ளி கூடவும் கூடாது, கொறையவும் கூடாது."

போன ஞாயிறோடு பதினான்கு. ஒருமுறை ஸ்பேனரைக் கொண்டுபோனேன். "மேசைக்கால் ஆடுது, அத முடுக்கிட்டுப் போ" என்றாள். முடுக்கினேன். ஒவ்வொரு வாரமும் காபி ஊற்றி, செர்ரிப் பழக் கேக்கில் ஒரு துண்டு வெட்டி வைத்து, கன்னத்தில் கை வைத்துக் கேட்கிறாள். கண்ணில் தண்ணீர் வரச் சிரிக்கிறாள். "காஸ், போன வாரத்தவிட இந்த வாரம் பிரமாதம்" என்கிறாள். நான் ஒரு வார்த்தையையும் மாற்றவில்லை. என் ஆயுளில் ஒரே கதையை மாற்றாமல் சொல்வது இதுதான் முதல் தடவை. அது எவ்வளவு கஷ்டம் என்று எனக்கு இதுவரை தெரியாது.

எம்மெட் ஜன்னல் பக்கத்தில், ஆபரேஷன் ஆன காலை ஸ்டூலில் நீட்டியபடி உட்கார்ந்திருக்கிறான். அவளுடைய முகத்தை மட்டுமே பார்க்கிறான். என்னை அவன் பார்ப்பதில்லை. போன வாரம் கம்பை ஊன்றிக்கொண்டு கதவு வரை வந்து என் கோட்டை எடுத்துக் கொடுத்தான்.

"அடுத்த வாரம் கொஞ்சம் மெதுவா சொல்லு" என்றான். "இருவத்தெட்டுன்னு சொல்ற எடத்துல அவ பால் எடுக்க எந்திரிச்சுப் போயிட்டா."